ஐடியைப் பார்த்தே எவ்வளவு தெரிந்துகொள்ளலாம்: அடையாளக் குறியீட்டு வகைகளின் ஒப்பீடு

ஒரு பிழையைத் துரத்திக்கொண்டு மென்பொருள் தன் செயல்களைப் பதிந்துவைக்கும் லாக் கோப்பைத் திறக்கும் எவருக்கும், வரிக்கு வரி நிறைந்திருக்கும் நீண்ட எண்-எழுத்துக் கோவைகள், அதாவது பதிவுகளின் அடையாளக் குறியீடுகளான ஐடிகள்தாம் முதல் தடையாக நிற்கின்றன. எந்த வகை ஐடியைத் தேர்ந்தெடுப்பது என்ற விவாதம் பெரும்பாலும் தரவுத்தளத்தின் வேகத்தையும் சேமிப்பிடத்தையும் சுற்றியே நடக்கிறது. அந்த ஐடியைப் பல ஆண்டுகளுக்குப் பின் வாசிக்கப்போகும் மனிதரை அதில் அரிதாகவே கணக்கில் சேர்க்கிறார்கள். அவர் தரப்பிலிருந்து இவற்றை ஒப்பிட்டுப் பார்க்க வேண்டும் என்று கருதுகிறேன். தரவுத்தளத்தைத் தொடாமல், கோவையை மட்டும் வைத்துக்கொண்டு, அது எந்தப் பொருளின் ஐடி, எப்போது உருவானது, எந்தக் கணினியில் உருவானது என்ற கேள்விகளில் எத்தனைக்கு விடை கிடைக்கிறது என்பதே இங்கு அளவுகோல்.

ஒன்று, இரண்டு, மூன்று என ஏறிச்செல்லும் வரிசை எண் வாசிக்க மிக எளியது. எது முந்தியது, எது பிந்தியது என்பதைச் சொல்லும். ஆனால் 48213 என்பது வாடிக்கையாளரா, ரசீதா என்று சொல்லாது. ஒரே எண் பல அட்டவணைகளில் செல்லுபடியாகும் என்பதால், தவறான அட்டவணையில் தேடினாலும் ஏதோ ஒரு பதிவு வந்துவிடும். பிழை கண்டறிதலில் இதைவிட ஆபத்தான குழப்பம் குறைவு. வெளியாருக்கும் இது அதிகம் சொல்லிவிடுகிறது. இரண்டாம் உலகப் போரில் நேச நாடுகளின் புள்ளியியலாளர்கள், கைப்பற்றப்பட்ட ஜெர்மன் டாங்கிகளின் வரிசை எண்களைக் கொண்டே அவற்றின் உற்பத்தி அளவைக் கணித்தார்கள். இணைய முகவரியில் தெரியும் ரசீது எண்ணும் அவ்வாறே வணிகத்தின் அளவைக் காட்டிக்கொடுக்கும்.

இதற்கு நேர் எதிர் முனையில் நிற்பது யூயூஐடியின் நான்காம் பதிப்பு. யூயூஐடி என்பது 128 பிட் (இரும இலக்கம்) நீளமுள்ள எண். 32 பதினறும இலக்கங்களும் (0 முதல் 9, a முதல் f) நான்கு இடைக்கோடுகளுமாக 36 குறிகளில் எழுதப்படும். இதில் பலர் கவனிக்காத ஒரு திறவுகோல் உண்டு: மூன்றாம் பகுதியின் முதல் இலக்கம் பதிப்பு எண். அங்கே 4 இருந்தால், மீதமுள்ளவற்றில் 122 பிட்டுகள் தற்செயலாகத் தேர்ந்தவை. அவற்றுக்குள் எந்தச் செய்தியும் இல்லை, தேடுவது வீண். அங்கே 1 இருந்தால், 1582 அக்டோபர் 15 முதல் 100 நானோவினாடி அலகுகளில் எண்ணப்பட்ட நேரம் உள்ளே இருக்கிறது. கடைசி 12 இலக்கங்கள் வழக்கமாக அதை உருவாக்கிய கணினியின் மேக் முகவரி, அதாவது அதன் வலையமைப்புக் கருவிக்குரிய தனி எண். வாசிப்பவருக்கு இது பெரும் புதையல், அந்தரங்கத்துக்கோ பெரும் ஓட்டை. மேலும், முதலாம் பதிப்பில் நேரத்தின் கடைக்கூறு முன்னால் எழுதப்படுவதால், அகர வரிசைப்படுத்தினால் கால வரிசை கிடைப்பதில்லை.

2024 மே மாதம் வெளியான ஆர்எஃப்சி 9562 என்ற இணையத் தர ஆவணத்தில் இடம்பெற்ற ஏழாம் பதிப்பு இந்தக் குறையைத் தீர்க்கிறது. முதல் 12 இலக்கங்கள், 1970 தொடக்கத்திலிருந்து கடந்த மில்லிவினாடிகள், பிறகு பதிப்பு எண் 7, எஞ்சியவை பெரும்பாலும் தற்செயல் பிட்டுகள். வரிசைப்படுத்தினால் கால வரிசை தானாகவே அமைகிறது. புதிய பதிவுகள், தேடலை விரைவாக்கும் இண்டெக்ஸின் ஓரத்திலேயே சேர்வதால், நான்காம் பதிப்பு அந்த இண்டெக்ஸின் மர அமைப்பான பி-ட்ரீ முழுவதும் சிதறி எழுதும் சுமையும் குறைகிறது. தரவுத்தளத்துக்கும் மனிதருக்கும் ஒருசேர நன்மை தரும் மாற்றங்கள் அரிது. இது அவற்றுள் ஒன்று.

மோங்கோடிபி தரவுத்தளத்தின் ஆப்ஜெக்ட் ஐடியும் நேரத்தை முன்னால் வைப்பதே. அதன் 24 பதினறும இலக்கங்களில் முதல் எட்டு, 1970 தொடக்கத்திலிருந்து வினாடிக் கணக்கு. 65920080 என்று தொடங்கும் ஐடியின் அந்த எட்டு இலக்கங்களைப் பதின்ம எண்ணாக்கினால் 1704067200 கிடைக்கும். அது 2024 ஜனவரி 1, யூடிசி (உலகப் பொது நேரம்) நள்ளிரவு. இந்த ஒரு கணக்கைப் பழகிக்கொண்டவர் ‘இந்தப் பதிவு எப்போது வந்தது’ என்று யாரையும் கேட்க வேண்டியதில்லை. யூலிட் என்ற ஐடி வகை இதே எண்ணத்தை 26 குறிகளில் செய்கிறது. ஐ, எல், ஓ, யூ ஆகிய ஆங்கில எழுத்துகளை அது தவிர்ப்பதால், தொலைபேசியில் படித்துச் சொல்லவும் ஏற்றது.

டுவிட்டர் (இன்று எக்ஸ்) 2010இல் அறிமுகப்படுத்திய ஸ்னோஃப்ளேக், இவை அனைத்தையும் 64 பிட்டுக்குள் அடக்குகிறது: 41 பிட் நேரம், 10 பிட் இயந்திர எண், 12 பிட் வரிசை எண். மூன்று கேள்விகளில் இரண்டுக்கு விடை தரும் இந்த வடிவத்தை நான் மிகவும் மதிக்கிறேன். எனினும் இதில் இரண்டு பொறிகள் உள்ளன. முதலாவது, தொடக்க நேரம். டுவிட்டர் 2010 நவம்பரிலிருந்து எண்ணுகிறது, அரட்டைத் தளமான டிஸ்கார்டோ 2015இன் முதல் வினாடியிலிருந்து எண்ணுகிறது. ஐடியை 4194304 ஆல் (இயந்திர எண், வரிசை எண் ஆகிய 22 பிட்டுகளை நீக்க) வகுத்து ஈவை மட்டும் எடுத்தால் மில்லிவினாடிகள் வரும். அதனுடன் எந்தத் தொடக்கத்தைக் கூட்டுவது என்பதை எண் சொல்லாது, தவறாகக் கூட்டினாலும் நம்பத்தகுந்த தேதியே வந்து நிற்கும். இரண்டாவது பொறி இன்னும் மோசமானது. ஜாவாஸ்கிரிப்டின் வழக்கமான எண் வகை 9007199254740991 வரையிலான முழு எண்களையே பிழையின்றிக் கையாளும். எக்செல் 15 இலக்கங்களையே காப்பாற்றும். எனவே உலாவியிலோ விரிதாளிலோ ஒருமுறை புகுந்து வந்த ஐடியின் கடைசி இலக்கங்கள் ஓசையின்றி மாறியிருக்கலாம். 18 அல்லது 19 இலக்க ஐடிகள் வரிசையாகப் பூஜ்யங்களில் முடிந்தால், முதலில் ஐயப்பட வேண்டியது இதைத்தான். டுவிட்டர் தன் ஐடிகளை எண்ணாக மட்டுமன்றி உரையாகவும் சேர்த்தே அனுப்பத் தொடங்கியதற்குக் காரணமும் இதுவே.

இதுவரை பார்த்த எதுவும் ‘இது எந்தப் பொருளின் ஐடி’ என்ற முதல் கேள்விக்கு விடை தரவில்லை. அந்த விடையை, ஐடியின் முன்னால் சேர்க்கும் சில எழுத்துகளான முன்னொட்டுகள் தருகின்றன. இணையக் கட்டணச் சேவை தரும் ஸ்ட்ரைப் நிறுவனத்தின் ஐடிகளில் வாடிக்கையாளருக்கு ஒரு முன்னொட்டு, கட்டணத்துக்கு வேறொன்று என்று பொருளின் வகை முகப்பிலேயே எழுதப்பட்டிருக்கும். நிரல் சேமிப்புத் தளமான கிட்ஹப் 2021இல், கடவுச்சொல் போலப் பயன்படும் தன் அணுகல் டோக்கன்களுக்கு முன்னொட்டும் இறுதியில் சரிபார்ப்பு இலக்கங்களும் சேர்த்தது. நிரலில் தவறுதலாக வெளியான டோக்கனைத் தானியங்கியாகக் கண்டுபிடிக்க அது உதவுகிறது. மூன்று, நான்கு எழுத்துகள் கூடுவதற்கு ஈடாக, ரசீது ஐடியை வாடிக்கையாளர் ஐடிக்கான இடத்தில் கொடுத்தால் மென்பொருள் உடனே மறுத்துவிடலாம். என் பார்வையில், ஒப்பீட்டில் உள்ள எந்த அம்சத்தையும்விட மலிவாகக் கிடைக்கும் பெரும்பயன் இது.

நிரல் மாற்றங்களைப் பதியும் கிட் கருவி பயன்படுத்தும் ஷா-1 போன்ற, உள்ளடக்கத்திலிருந்தே கணக்கிடப்படும் ஹாஷ் குறியீடுகளைத் தனியே வைக்க வேண்டும். அவற்றின் 40 இலக்கங்களில் நேரமும் இல்லை, இடமும் இல்லை. உள்ளடக்கம் மாறினால் குறியீடும் மாறும் என்ற உறுதி மட்டும் இருக்கிறது. 2017இல் ஒரே ஷா-1 மதிப்புள்ள இரண்டு வெவ்வேறு பிடிஎஃப் கோப்புகள் உருவாக்கிக் காட்டப்பட்டபின் அந்த உறுதியும் தளர்ந்திருக்கிறது.

புதிதாக ஓர் அமைப்பைக் கட்டுபவருக்கு, யூயூஐடி ஏழாம் பதிப்பையும் பொருள்வகை முன்னொட்டையும் இணைத்துப் பயன்படுத்துவதையே பரிந்துரைப்பேன். டைப்ஐடி என்ற வடிவம் இதையே செய்கிறது. ஒரு பதிவு உருவான நேரமே மறைக்கப்பட வேண்டியதாக இருக்கும் இடங்களில் மட்டும் நான்காம் பதிப்பு பொருந்தும். அங்கும் ஐடியைக் கடவுச்சொல்லாகக் கருதக் கூடாது. யூயூஐடிகளை ஊகிக்க முடியாதவை என்று எண்ண வேண்டாம் என்று ஆர்எஃப்சியே எச்சரிக்கிறது. நான்காம் பதிப்பால் ஏற்கெனவே நிரம்பிய அமைப்புகளில் தரவுத்தளத்தை மாற்ற வேண்டியதில்லை: மென்பொருள்கள் தமக்குள் பேசிக்கொள்ளும் இடைமுகமான ஏபிஐ வழியே வெளியேறும்போதும் லாக்கில் எழுதும்போதும் முன்னொட்டைச் சேர்த்து, உள்ளே வரும்போது சரிபார்த்து நீக்கினால் போதும்.