திருகோணமலையில் மானும் குரங்கும்: எதற்காக அதிகம் கவலைப்பட வேண்டும்?

கோணேசர் கோவிலுக்குப் போகும் வழியில், பிரெட்றிக் கோட்டைக்குள் மேயும் புள்ளிமான்களைப் பார்த்து உருகாதவர் இல்லை. அர்ச்சனைத் தட்டில் கைவைக்கும் செங்குரங்கை விரட்டாதவரும் இல்லை.

எந்த உயிரினம் எவ்வளவு ஆபத்தில் உள்ளது எனப் பன்னாட்டு இயற்கைப் பாதுகாப்பு ஒன்றியம் (IUCN) தொகுக்கும் சிவப்புப் பட்டியல் சொல்வதோ நேரெதிர். புள்ளிமான் இந்தியாவிலும் நேபாளத்திலும்கூட வாழ்கிறது. உலக அளவில் அது கவலை குறைந்த இனம். உச்சியில் வட்டத் தொப்பிபோல முடி விரிந்த செங்குரங்கு இலங்கைக்கு மட்டுமே உரியது. அழியும் ஆபத்திலுள்ள இனம். இங்கே மறைந்தால் வேறெந்தக் காட்டிலும் அதைத் தேட முடியாது. ஆனாலும் 2023இல் ஓர் இலட்சம் குரங்குகளைச் சீனாவுக்கு அனுப்பும் யோசனை எழுந்தது. கடும் எதிர்ப்பு வந்த பிறகே அது அடங்கியது. தென்னையையும் தோட்டத்தையும் இழக்கும் விவசாயியின் கோபம் எனக்குப் புரிகிறது. ஆனால் காடு சுருங்கும்போது குரங்குகள் வேறெங்கே போகும்? ஊருக்குள் நிறையத் தெரிவதாலேயே அவை பெருகிவிட்டன என்று முடிவுகட்டுவது தவறு.

நகர மான்களுக்கு எமன் பொலித்தீன். உணவு வாசனைக்கு விழுங்கிய பை இரைப்பையை அடைத்துவிடும். இதையாவது நாமே நாளைக்கே நிறுத்தலாம்.

எனக்குச் செங்குரங்கே முதல் கவலை. அதற்குப் பழம் நீட்டிப் பழக்காதீர்கள். வீட்டுக் கூரைவரை வரவழைப்பது அந்தப் பழக்கமே.