கார்லோஸ் சபோகா படங்கள்: அல்சூரில் பாராட்டத்தக்க ஒரு திரையிடல் வரிசை

பெங்களூரு அல்சூரில் ஒரு சிறிய அரங்கை வாடகைக்கு எடுத்து, தமிழ் நண்பர்கள் சிலர் வார இறுதிகளில் கட்டணத் திரையிடல் நடத்தி வருகிறார்கள். வழக்கமாக இயக்குநர் பெயரில் அமையும் அவர்களது வரிசை, இம்முறை ஒரு திரைக்கதை ஆசிரியரின் பெயரில் அமைந்திருந்தது. கதை-வசனம் எழுதியவரின் பெயருக்காகவே கொட்டகைகளில் கூட்டம் திரண்ட வரலாறு தமிழருக்கு உண்டு. ஆனால் இங்கே தேர்ந்தெடுக்கப்பட்டவர், போர்ச்சுகலுக்கு வெளியே அதிகம் பேசப்படாத கார்லோஸ் சபோகா.

1936இல் பிறந்து, பாரிஸில் நெடுங்காலம் வசித்தவர் அவர். 1984இல் அந்தோனியோ-பெத்ரோ வாஸ்கொன்செலோஸ் இயக்கத்தில் வந்து போர்ச்சுகலில் பெரும் வெற்றி கண்ட ‘ஓ லுகார் டோ மோர்த்தோ’ படத்தின் திரைக்கதையில் அவருக்குப் பங்குண்டு. எனினும் அவருடைய ஆற்றல் முழுமையாக வெளிப்பட்டது, ராவுல் ரூயிஸ் இயக்கிய ‘மிஸ்டரீஸ் ஆஃப் லிஸ்பன்’ (2010) படத்தில்தான் என்பது என் துணிபு. திரையரங்குப் பதிப்பே ஏறத்தாழ நாலரை மணி நேரம் ஓடுகிறது.

கமிலோ கஸ்தெலோ பிராங்கோ 1854இல் வெளியிட்ட நாவலை அடிப்படையாகக் கொண்ட அப்படத்தில், பெற்றோர் யாரென்று அறியாத ஒரு சிறுவனின் கேள்வியிலிருந்து கதைகள் ஒன்றுக்குள் ஒன்றாகப் பிரிந்துகொண்டே செல்கின்றன. பிறந்தவுடன் கொல்லப்படவிருந்த குழந்தையை, கூலிக் கொலையாளிக்குப் பணம் கொடுத்து மீட்கும் நாடோடியே பின்னாளில் அக்குழந்தையைக் காக்கும் பாதிரியார் தினிஸ் என்பதும், பணம் பெற்ற அந்தக் கொலையாளி லிஸ்பனின் உயர்குடியினரிடையே செல்வந்தனாக உலவுகிறான் என்பதும் வெளிப்படும்போது, பார்வையாளர் திகைக்கிறாரே தவிரக் குழம்புவதில்லை. யார், யாரிடம், எப்போது உண்மையைச் சொல்கிறார் என்பதில் சபோகா காட்டும் கண்டிப்பே இதற்குக் காரணம். நீண்ட காட்சிகளுக்காக ரூயிஸைப் புகழும் நாம், அந்த நிதானத்தைத் தாங்கி நிற்கும் எழுத்தையும் சேர்த்தே புகழ வேண்டும்.

இதை உணர்ந்தவர்களாகவே அமைப்பாளர்களும் நடந்துகொண்டார்கள். பாதி நேரம் ஆனதும் படத்தை வெட்டி நிறுத்தாமல், ஒருவர் கதை முடிந்து அடுத்தவர் கதை தொடங்கும் இடம் பார்த்து இடைவேளை விட்டார்கள். நுழைவாயிலில் தந்த ஒரு பக்கக் குறிப்பில் கதாபாத்திரங்களின் உறவுமுறை வரையப்பட்டிருந்தது. முடிச்சுகள் எதையும் அது முன்கூட்டியே அவிழ்த்துவிடவில்லை.

இரண்டாவது படமான ‘லைன்ஸ் ஆஃப் வெலிங்டன்’ (2012), 2011இல் ரூயிஸ் மறைந்த பின் அவருடைய மனைவி வலேரியா சர்மியெந்தோ இயக்கியது. 1810இல் பிரெஞ்சுப் படை முன்னேற, ஆங்கிலேய-போர்ச்சுகீசியப் படைகளோடு ஊர் மக்களும் லிஸ்பனைக் காக்க எழுப்பப்பட்ட தோரஸ் வெத்ராஸ் அரண்களை நோக்கிப் பின்வாங்குவதே களம். தளபதிகளைவிட, வீட்டைத் துறந்து நடக்கும் சாதாரண மக்களிடமே திரைக்கதை அதிக நேரம் தங்குகிறது. திரையிடலின் குறை வெளிப்பட்டதும் இங்கேதான்: விளிம்புக் கோடில்லாத வெள்ளை எழுத்துகளில் அமைந்த துணைத்தலைப்புகள் வெளிறிய வானத்தின் மீது கரைந்துபோனதால், சில உரையாடல்களைத் தவறவிட நேர்ந்தது. வசனத்தை நம்பி நிற்கும் ஒரு வரிசையில் இது சிறு குறையன்று.

சபோகா எழுபது வயதைக் கடந்த பின் தாமே இயக்கிய ‘ஃபோட்டோ’ (2012) நிறைவுப் படமாக அமைந்தது. தாயின் மறைவுக்குப் பின் கிடைத்த புகைப்படங்களைக் கொண்டு தந்தையைத் தேடும் பெண்ணின் கதை அது. முதற்படத்துச் சிறுவனின் கேள்வி இங்கே வேறொரு நூற்றாண்டில் எழுகிறது. மூன்றையும் இந்த வரிசையில் பார்த்தாலன்றி அந்தத் தொடர்ச்சி புலப்பட்டிருக்காது.

கட்டணம் கொடுத்துச் செல்லத்தக்க சேவை இது. அடுத்த முறை ‘மிஸ்டரீஸ் ஆஃப் லிஸ்பன்’ படத்தின் இன்னும் நீண்ட தொலைக்காட்சிப் பதிப்பை இரண்டு மாலைகளாகப் பிரித்துக் காட்டுமாறும், துணைத்தலைப்புகளை முன்னதாகவே திரையில் ஓட்டிச் சரிபார்க்குமாறும் அமைப்பாளர்களைக் கேட்டுக்கொள்கிறேன்.