சோயுங் ஏக் கொலைக்களம்: ஹெட்போன் வாங்காமல் உள்ளே போகாதீர்கள்

கம்போடியாவின் தலைநகர் புனோம் பென்னிலிருந்து சுமார் 15 கி.மீ. தொலைவில் இருக்கிறது சோயுங் ஏக். சும்மா சுற்றிப் பார்த்தால் மரங்களும் புல் மூடிய பள்ளங்களும் கண்ணாடி பதித்த ஒரு ஸ்தூபியும்தான் தெரியும். அந்தப் பள்ளங்கள் கெமர் ரூஜ் என்ற தீவிர கம்யூனிஸ்ட் இயக்கத்தின் ஆட்சியில் கொல்லப்பட்டவர்களின் சவக்குழிகள். மொத்தம் 129. தோண்டிய 86 குழிகளில் கிட்டத்தட்ட 9,000 உடல்கள் கிடைத்தன. மீதியைத் தோண்டாமல் விட்டுவிட்டார்கள்.

இதைப் புரியவைப்பது ஹெட்போனில் கேட்கும் ஒலி வழிகாட்டிதான். எண் போட்ட இடத்தில் நின்று அந்த எண்ணை அழுத்தினால், லாரி வந்து நின்ற இடம், அலறல் வெளியே கேட்காதபடி ஒலிபெருக்கி கட்டிய மரம் என ஒவ்வொன்றாக விரியும். நடுநடுவே உயிர் தப்பியவர்களின் வாக்குமூலங்கள். எல்லோர் காதிலும் ஹெட்போன் இருப்பதால் வளாகமே அமைதியாக இருக்கிறது. அந்த அமைதிதான் இந்த இடத்துக்குக் கிடைக்கும் மரியாதை என்பேன். அவசரப்படாமல் கேட்க ஒன்றரை மணி நேரம் ஒதுக்குங்கள்.

பலர் இங்கே முதலில் வந்துவிடுகிறார்கள். அது தவறு. நகருக்குள் இருக்கும் துவோல் ஸ்லெங்கை (எஸ்-21 சிறை) முதலில் பாருங்கள். பள்ளிக்கூடத்தைச் சிறையாக்கி, கைதிகளைப் படம் பிடித்து வைத்தார்கள். அங்கிருந்துதான் இரவில் லாரியில் இங்கே கொண்டுவந்தார்கள். அந்த முகங்களைப் பார்த்துவிட்டு வந்தால் இந்தப் பள்ளங்கள் வேறு மாதிரி தெரியும்.

மழைக்காலத்தில் எலும்புத் துண்டுகளும் துணிக் கிழிசல்களும் மண்ணுக்கு மேலே வந்துவிடும். பாதையை விட்டு இறங்காதீர்கள். கண்ணில் பட்டால் தொடாமல் ஊழியரிடம் சொல்லுங்கள். பச்சிளம் குழந்தைகளை மோதிக் கொன்ற மரமும் இங்கே இருக்கிறது. சிறு பிள்ளைகளை அழைத்துவர வேண்டாம்.

மனம் ஒப்பாதது ஸ்தூபிதான். உள்ளே அடுக்கடுக்காக மண்டை ஓடுகள். தகனம் செய்ய வேண்டும் என்று கம்போடிய மன்னராக இருந்த சிஹானூக் கேட்டார். சாட்சியமாக இருக்கட்டும் என்றது அரசு. இரண்டிலும் நியாயம் உண்டு. ஆனால் அதன் முன்னால் நின்று செல்ஃபி எடுப்பதற்கு எந்த நியாயமும் கிடையாது. செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே போங்கள்.

துக்துக் ஓட்டுநர்கள் சிலர் இதோடு துப்பாக்கி சுடும் மைதானத்தையும் சேர்த்து ஒரே பயணமாகப் பேசுவார்கள். ஏறும் முன்பே மறுத்துவிட்டு, சோயுங் ஏக்கில் ஓட்டுநர் காத்திருக்கும் நேரத்துக்கும் சேர்த்து வாடகை பேசிக்கொள்ளுங்கள்.