லாஸ்லோ லோவாஸின் நூல்கள்: நெடுநாள் வாசகனின் மதிப்பீடு

ஹங்கேரியக் கணிதவியலாளர் லாஸ்லோ லோவாஸ் கணிதத்தின் உயரிய பரிசுகளுள் ஒன்றான ஏபல் பரிசை 2021ஆம் ஆண்டில் கணினியியலாளர் அவி விக்டர்சனுடன் பகிர்ந்துகொண்டபோது அவருடைய தேற்றங்களைப் பற்றிப் பலரும் எழுதினார்கள். புள்ளிகளையும் அவற்றை இணைக்கும் கோடுகளையும் ஆராயும் கோட்டுருவியலும், பொருள்களைத் தேர்ந்து அடுக்கும் வழிகளை எண்ணும் சேர்வியலும் கற்பிக்கும் எனக்கு அவற்றைவிட அதிகம் கைகொடுத்தவை அவருடைய நூல்களே.

அவற்றுள் முதன்மையானது 1979இல் வெளிவந்து 1993இல் விரிவாக்கப்பட்ட ‘காம்பினடோரியல் ப்ராப்ளம்ஸ் அண்ட் எக்சர்சைஸஸ்’. முதற்பகுதியில் கணக்குகள், அடுத்ததில் ஓரிரு வரிக் குறிப்புகள், கடைசியில் முழுத் தீர்வுகள் என்று நூல் மூன்றாகப் பிரிந்திருப்பதால் பக்கங்களை முன்னும் பின்னும் புரட்டிக்கொண்டே இருக்க வேண்டும். தொடக்கத்தில் எரிச்சலூட்டும் இந்த ஏற்பாடுதான், விடையை உடனே பார்த்துவிடும் ஆசைக்குத் தடைபோடுகிறது என்பது பழகியபின் விளங்கும். பெயரிட்ட முனைகளை, அதாவது புள்ளிகளை, எங்கும் வளையம் உண்டாகாமல் ஒன்றாக இணைக்கும் ‘மரங்களை’ எண்ணும் கணக்கையே பாருங்கள். நான்கு முனைகள் இருந்தால், ஒன்றை நடுவில் வைத்து மற்ற மூன்றை அதனுடன் இணைப்பவை 4, ஒரே வரிசையாகத் தொடுப்பவை 12, ஆக மொத்தம் 16 என்று தாளில் வரைந்தே காட்டிவிடலாம். ஐந்து முனைகளுக்கு 125 ஆகும்போது கை வலித்துவிடும். n முனைகளுக்கு nⁿ⁻² மரங்கள் என்னும் கெய்லியின் சூத்திரத்துக்கு நிரூபணம் ஏன் வேண்டும் என்பது மாணவர்களுக்கு அப்போது தானாகவே உறைக்கிறது. ஆனால் தனியாகப் படிக்கத் தொடங்கும் இளங்கலை மாணவருக்கு இதை நான் பரிந்துரைப்பதில்லை, ஏனெனில் தீர்வுகள் மிகச் செறிவானவை. ‘எளிதில் காணலாம்’ என்ற தொனியில் கடந்துபோகும் ஒரு வரிக்கு அரைநாள் செலவாகலாம்.

அத்தகையவருக்கு ஏற்றது, பெலிகான், வெஸ்டர்கோம்பி ஆகியோருடன் சேர்ந்து அவர் எழுதிய ‘டிஸ்கிரீட் மேதமேடிக்ஸ்’ (2003). பிறந்தநாள் விருந்தில் கூடிய ஏழு பேர் ஒருவரோடொருவர் கைகுலுக்குவதில் நூல் தொடங்குகிறது. ஒருவர் 42 என்கிறார். அந்தக் கணக்குப்படி இரண்டே பேர் சந்தித்தால் இரண்டு கைகுலுக்கல் வருமே என்று இன்னொருவர் மறுக்க, ஒவ்வொன்றும் இருமுறை எண்ணப்பட்டது தெரிந்து விடை 21 ஆகிறது. தவறான விடையைச் சிறிய எடுத்துக்காட்டில் சோதித்துப் பிடிக்கும் பழக்கத்தை இவ்வளவு சுருக்கமாகக் கற்பித்த பாடநூலை நான் வேறு கண்டதில்லை.

முனைகளை இரண்டிரண்டாகச் சோடி சேர்ப்பதைப் பற்றி மைக்கேல் பிளம்மருடன் எழுதிய ‘மேட்சிங் தியரி’ (1986) ஆய்வாளருக்கானது. கோட்டுருவியலின் முதல் பாடநூலை 1936இல் வெளியிட்ட கோனிக், அவருடைய மாணவர் கல்லாய், கல்லாயின் மாணவர் லோவாஸ் என்று தொடரும் புடாபெஸ்ட் மரபு அதில் தெளிவாகத் தெரிகிறது. இருபாற் கோட்டுருக்கள் (முனைகள் இரு குழுக்களாகப் பிரிந்து, கோடுகள் ஒரு குழுவிலிருந்து மற்றதற்கு மட்டுமே செல்பவை) பற்றிய கோனிக்கின் தேற்றத்தில் தொடங்கி, எல்லாக் கோட்டுருக்களுக்கும் பொருந்தும் கல்லாய்–எட்மண்ட்ஸ் கட்டமைப்புவரை ஒரே இழையாகச் செல்வதும், கணிப்புச் சிக்கல்தன்மை (ஒரு கணக்கைத் தீர்க்கக் கணினிக்கு எவ்வளவு வேலை என்பது) போன்ற பக்கச் செய்திகளைத் தனிப் பெட்டிகளில் ஒதுக்கியிருப்பதும் அதன் சிறப்பு. ஒரு தேற்றத்தைத் தேடிப் போனால், அதன் முன்கதையையும் படிக்காமல் மூட மனம் வராது.

‘லார்ஜ் நெட்வொர்க்ஸ் அண்ட் கிராஃப் லிமிட்ஸ்’ (2012) என்னிடம் இருந்தாலும் அடிக்கடி எடுப்பதில்லை. முடிவின்றிப் பெருகும் கோட்டுருக்களின் வரிசைக்கு ‘கிராஃபான்’ என்னும் சார்பை எல்லையாகக் கொள்ளும் அந்தக் கோட்பாட்டுக்கு, நீளம், பரப்பு போன்ற அளவுகளைப் பொதுமைப்படுத்தும் அளவுக் கோட்பாடும் நிகழ்தகவும் நன்றாகத் தெரிந்திருக்க வேண்டும். அவற்றில் பயிற்சி இல்லாதவர் நூலகப் பிரதியில் தொடக்க அத்தியாயங்களைப் படித்துப் பார்த்தபின் வாங்குவது நல்லது.