மலையாளத்தில் ஒப்பு போடுகிறவர்களுக்கு வஞ்சியூரில் ஒரு கையெழுத்து நிபுணர்

குழித்துறை கோர்ட்டில் அம்மா மேல் ஒரு புரோநோட்டு வழக்கு. 2021 ஆகஸ்டில் மூன்று லட்சம் வாங்கியதாக எழுதி, மூன்று வருடக் கெடு முடிகிற சமயம் பார்த்துப் போட்டிருந்தார்கள். ரெவின்யூ ஸ்டாம்பின் மேல் அம்மாவின் பெயர், மலையாளத்தில். அம்மா பாறசாலைக்காரி. அறுபதுகளில் அங்கே படித்தவர். களியக்காவிளைக்கு இந்தப் பக்கம் வாழ்க்கைப்பட்டு வந்த பிறகும் மலையாளத்தில்தான் ஒப்பு போடுவார். அந்த நோட்டை அவர் கண்ணால்கூடக் கண்டதில்லை.

முதலில் பார்த்த நிபுணர் மொபைலில் இருந்த படத்தைப் பார்த்ததுமே, "போலிதான், எழுதித் தந்துடறேன்" என்றார். அவருக்கு மலையாளம் வாசிக்கத் தெரியாது. எழுந்து வந்துவிட்டோம். வக்கீல் சொல்லித்தான் திருவனந்தபுரம் வஞ்சியூரில் இவரிடம் போனோம்.

இவர் நகலை ஒதுக்கி வைத்துவிட்டு, "அசலைப் பாக்காம நான் ஒண்ணும் சொல்ல மாட்டேன்" என்றார். பேனாவின் அழுத்தம், கோட்டில் உள்ள நடுக்கம், கை நின்று மறுபடி தொடங்கிய இடம், இதெல்லாம் நகலில் தெரியாதாம். அசலை நிபுணர் பார்க்க வக்கீல் மனு போட்டார். நிபுணர் கருத்து பற்றிப் பழைய சாட்சியச் சட்டத்தில் இருந்த, எல்லோரும் 45-வது பிரிவு என்று சொல்வது, 2024 ஜூலை 1 முதல் புதிய சாட்சியச் சட்டமான பாரதிய சாக்ஷிய அதினியத்தில் 39. அனுமதி கிடைத்ததும் இவரே குழித்துறைக்கு வந்து, கோர்ட் ஊழியர் முன்னிலையில், பக்கவாட்டில் விளக்கடித்துப் படம் எடுத்தார்.

ஒப்பிட அம்மாவின் வேறு கையெழுத்துகள் வேண்டும். அம்மா அங்கேயே வெள்ளைத்தாளில் போட்டுத் தருகிறேன் என்றார். இவர் சம்மதிக்கவில்லை. வழக்கு வந்த பிறகு போடுவதை வேண்டுமென்றே மாற்றிப் போட்டதாகச் சொல்லிவிடுவார்களாம். வக்காலத்தில் உள்ளதும் உதவாது. நோட்டுத் தேதியை ஒட்டிய, யாரும் சந்தேகப்பட முடியாத ஒப்புகள்தான் வேண்டும் என்றார். 2020-இல் எழுதிய ஒற்றிப் பத்திரமும் கூட்டுறவு சங்க நகைக்கடன் விண்ணப்பங்களும் அப்படித்தான் கோர்ட்டுக்கு வந்தன. 1998 பாகப் பத்திரத்தை, காலம் ரொம்ப தள்ளி என்று சேர்க்கவில்லை.

இவர் அறிக்கையில் என்னை அசத்தியது ஓர் எழுத்து. அம்மாவின் பெயரில் 'கு' வரும். கேரளத்தில் 1971-இல் எழுத்துச் சீர்திருத்தம் வந்து உகரக் குறியைத் தனியே பிரித்து அச்சடிக்கத் தொடங்கினார்கள். அம்மா அதற்கு முன் படித்தவர். எல்லாப் பத்திரத்திலும் 'க'வோடு ஒட்டிச் சுழித்துத்தான் எழுதியிருக்கிறார். நோட்டில் குறி தனியாக நிற்கிறது. ஆனாலும் இதை மட்டும் வைத்து முடிவு சொல்ல முடியாது, ஒரே ஆள் இரண்டு மாதிரியும் எழுதலாம் என்று அவரே எழுதியிருக்கிறார். அவர் கருத்து நிற்பது வேறு இடத்தில்: ஒரே வீச்சில் அம்மா போடும் பெயரில், நோட்டில் நாலு இடத்தில் பேனா எடுக்கப்பட்டிருக்கிறது, கடைசி எழுத்து வரை அழுத்தம் ஒரே சீராக இருக்கிறது. மெதுவாக வரைந்த கைக்கு அதுதான் அடையாளம் என்கிறார். பெரிதாக்கிய படங்களைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்திருப்பதால் எங்களுக்கே புரிந்தது.

மையின் வயதைப் பார்க்கலாமா என்று கேட்டேன். நம்பி ஏற்கத்தக்க முறை இங்கே கிடையாது, அதற்குக் காசு கொடுக்காதீங்க என்று சொல்லிவிட்டார். அந்த நேர்மைக்காகவே இதை எழுதுகிறேன்.

குறை ஒன்று உண்டு. சாட்சி சொல்ல வரும் கட்டணம் தனி. வாய்தா தள்ளிப்போனாலும் அந்த நாளுக்கு முழுசாக வாங்கினார். முதலிலேயே சொல்லியிருக்க வேண்டும். கூண்டில் நன்றாகத்தான் நின்றார். "காசு வாங்கிட்டுத்தானே சொல்றீங்க" என்று எதிர்த்தரப்பு வக்கீல் கேட்டதற்கு, படங்களை எடுத்துக்காட்டி நீங்களே பாருங்க என்றார்.

தீர்ப்பு இன்னும் வரவில்லை. நிபுணர் சொன்னதை அப்படியே ஏற்கக் கோர்ட்டுக்குக் கட்டாயமில்லை. அதே புதிய சட்டத்தின் 72-வது பிரிவின்படி நீதிபதியே ஒப்பிட்டும் பார்க்கலாம். கையெழுத்தை மறுத்துவிட்டால் அது உண்மை என்று காட்டும் பொறுப்பு முதலில் வழக்குப் போட்டவருக்குத்தான் என்பதால் அம்மா தைரியமாக இருக்கிறார்.

விளவங்கோடு, கல்குளம் பக்கம் மலையாளத்தில் ஒப்பு போடுகிற பெரியவர்கள் நிறைய உண்டு. தேவைப்பட்டால் இவரிடம் போகலாம். ஐந்துக்கு நாலு கொடுப்பேன். பத்து மணிக்கு முன்னால் போங்கள், அதற்குப் பிறகு கோர்ட்டுக்குக் கிளம்பிவிடுவார்.