மாசி வீதிகளில் நடக்க ஆள் தேடுபவர்களுக்கு

வெளிநாட்டிலிருந்து லீவுக்கு மதுரை வரும் நம்மவர்கள் பெரும்பாலும் மீனாட்சியம்மன் கோயில், திருமலை நாயக்கர் மகால், ஒரு கறிதோசை, ஒரு ஜிகர்தண்டா என்று முடித்துக்கொண்டு சொந்தக்காரர் வீடுகளுக்குக் கிளம்பிவிடுகிறோம். நேரம் அவ்வளவுதான் கிடைக்கிறது, யாரையும் குறை சொல்ல முடியாது. ஆனால் வெளிநாட்டிலேயே வளர்ந்த பிள்ளைகளைக் கூட்டி வரும்போது இது போதுவதில்லை. கோயிலைப் பார்த்தாயிற்று, சரி, இந்த ஊரில் மனிதர்கள் எங்கே இருந்தார்கள், என்ன வேலை பார்த்தார்கள், இந்தத் தெருக்கள் ஏன் கோயிலைச் சுற்றிச் சுற்றிப் போகின்றன என்று கேட்பார்கள். இப்போது அதற்கென்றே நடந்து சுற்றிக் காட்டும் ஏற்பாடுகள் வந்திருக்கின்றன. இந்த முறை இணையத்தில் பணம் கட்டி ஒன்றுக்குப் போனோம், சித்தப்பா மகன் சொல்லிவிட்டவருடன் இன்னொன்றுக்குப் போனோம். இரண்டுக்கும் மலைக்கும் மடுவுக்குமான வித்தியாசம். டிசம்பருக்கு டிக்கெட் போட்டிருப்பவர்களுக்கு உதவும் என்று விவரமாக எழுதுகிறேன்.

முதலாவதைச் சீக்கிரம் சொல்லிவிடுகிறேன். யார் நடத்துகிறார்கள் என்பது இங்கே வேண்டாம், கேட்டவரையில் பல இடங்களில் இதே கதைதான். தலைக்கு இரண்டாயிரம் ரூபாய்க்கு மேல். காலை ஒன்பதரைக்குத் தொடக்கம். அந்த நேரத்தில் கீழமாசி வீதியை நினைத்துப் பாருங்கள், மளிகை மொத்தக் கடைகளுக்குச் சரக்கு இறக்குகிற வண்டிகளும் மூட்டை தூக்குகிறவர்களும் தள்ளுவண்டியும் பைக்குமாக, நின்று ஒருவர் பேசுவதைக் கேட்க அங்கே இடமே கிடையாது. இருபது பேர் கொண்ட கூட்டம், பேச்சு முழுக்க ஆங்கிலம். கொஞ்சம் தமிழிலும் சொல்லுங்கள் தம்பி என்று கேட்டேன். "மத்தவங்களுக்குப் புரியாதே சார்" என்றார், பாவம், அவர் சொன்னதும் நியாயம்தான். ஆனால் பதிவு செய்யும்போது மொழியைப் பற்றி எங்கேயும் ஒரு வார்த்தை இல்லை. மதுரையில், தமிழ்க் குடும்பங்களும் பணம் கட்டி வருகிற ஒரு நடையில், தமிழ் கிடையாது என்பதை முன்கூட்டியே சொல்ல வேண்டாமா?

அதையும் பொறுத்துக்கொள்ளலாம். பாதி வழியில், மொட்டை மாடியிலிருந்து கோபுரங்களைப் பார்க்கலாம் என்று ஒரு கைவினைப் பொருள் கடைக்குள் கூட்டிப்போனார்கள். மாடிக்குப் போக இரண்டு நிமிடம், கீழே காஷ்மீர் கம்பளத்தையும் சால்வையையும் விரித்துக் காட்ட அரை மணி நேரத்துக்கு மேல். அதற்குள் வெயில் ஏறிவிட்டது, மீதித் தெருக்கள் அவசர அவசரமாக முடிந்தன. அந்தத் தம்பி மேல் எனக்குக் கோபமில்லை. கட்டுகிற பணத்தில் அவர் கைக்கு எவ்வளவு போகும் என்று யோசித்தால் கடைக் கமிஷன்தான் அவருடைய சம்பளம் என்பது தெரியும். கோபம் அந்த ஏற்பாட்டின் மேல். பணம் கட்டும் முன்பு "கடைக்குக் கூட்டிப்போவீர்களா?" என்று நேராகக் கேளுங்கள். மழுப்பினால் வேண்டாம்.

இரண்டாவதாக வந்தவர் ஓய்வுபெற்ற பள்ளி ஆசிரியர், பழைய ஊருக்குள்ளேயே குடியிருப்பவர். காலை ஆறரைக்கு விளக்குத்தூணுக்கு வந்துவிடுங்கள், செருப்பு வேண்டாம், ஷூ போட்டு வாருங்கள் என்று மட்டும் போனில் சொன்னார். நாங்கள் நான்கு பேர், அவரோடு ஐந்து.

விளக்குத்தூணைத் தாண்டாத மதுரைக்காரர் யாரும் இருக்க முடியாது, ஆனால் அது யாருக்காக நிற்கிறது என்பதை அங்கேயே நின்று கேட்டால்தான் ஊரின் வரைபடம் பிடிபடுகிறது. நாயக்கர் காலத்துக் கோட்டையும் அகழியும் இந்த ஊரை நெருக்கிப் பிடித்திருந்தன. 19ஆம் நூற்றாண்டின் முற்பகுதியில் கலெக்டராக இருந்த பிளாக்பர்ன் அந்தச் சுவரை இடித்து அகழியைத் தூர்க்க வைத்தார், அவர் நினைவாக நிற்பதுதான் விளக்குத்தூண். அதற்குப் பணம் செலவழிக்காமல், இடித்துத் தூர்ப்பவர்களுக்கே அந்த நிலத்தைக் கொடுத்தார். வெளி வீதிகள் நான்கும் அப்படித்தான் வந்தன. வேலையை நடத்திய பெருமாள் மேஸ்திரியும் நில அளவையாளர் மாரட்டும் இன்றைக்கும் தெருப் பெயராக இருக்கிறார்கள். பெரியார் பஸ் ஸ்டாண்டுப் பக்கம் கோட்டையின் ஒரு துண்டு மட்டும் மிச்சம் நிற்கிறது. ஆசிரியர் இதைச் சொல்லிவிட்டுத் தரையில் குச்சியால் கோடு போட்டார், உள்ளேயிருந்து ஆடி, சித்திரை, ஆவணி மூலம், மாசி, கடைசியில் வெளி என்று. "பாப்பா, இப்ப நீ எங்க நிக்கிற, காட்டு பாப்போம்" என்றார் மகளிடம். மாசி வீதி திரும்பும் முனையில் சரியாக விரலை வைத்தாள். அதற்கப்புறம் அவள் எங்களுக்கு முன்னால் நடந்தாள்.

அங்கிருந்து மகாலுக்குப் போகிற வழியில் பத்துத்தூண் சந்து. மகாலில் இன்று டிக்கெட் வாங்கிப் பார்ப்பது 1636 வாக்கில் திருமலை நாயக்கர் கட்டியதில் நான்கில் ஒரு பங்குதான் என்பார்கள். மற்றது எங்கே போயிற்று என்று சந்துக்குள் நுழைந்தால் தெரியும். பெரிய பெரிய கல் தூண்கள், மேலே தாங்குவதற்கு ஒன்றுமில்லாமல் வரிசையாக நிற்கின்றன, அவற்றை ஒட்டி வீடும் கடையும் வந்துவிட்டன. ஒரு தூணில் சைக்கிளைச் சாய்த்து வைத்திருந்தார்கள், பக்கத்து வீட்டு அம்மா தூண் அடியில் தண்ணீர் தெளித்துக் கோலம் போட்டுக்கொண்டிருந்தார். பேரன் சொக்கநாத நாயக்கர் தலைநகரைத் திருச்சிக்கு மாற்றியபோது அரண்மனையைப் பிரித்துக் கொண்டுபோனார் என்ற கதையை ஆசிரியர் சொல்லச் சொல்ல, அந்த அம்மாவும் கோலத்தை நிறுத்திவிட்டுக் கேட்டார், பிறகு தன் மாமியார் காலத்தில் இந்தச் சந்து எப்படி இருந்தது என்று அவரும் சொல்ல ஆரம்பித்துவிட்டார். நல்ல வழிகாட்டி என்றால் எனக்கு இதுதான். தெருவில் இருப்பவர்களைப் பேச வைக்க வேண்டும். இருபது பேரோடு மைக் பிடித்து நின்றால் அந்த அம்மா கதவைச் சாத்தியிருப்பார்.

தெற்காவணி மூல வீதி நகைக்கடைத் தெரு. அந்த நேரத்தில் ஷட்டர் எல்லாம் மூடியிருந்தது. பட்டறைகள் இருக்கும் பக்கம் ஒரு வயதான பெண் குத்துக்காலிட்டு உட்கார்ந்து, சாக்கடை ஓரத்து மண்ணைச் சின்ன பிரஷ்ஷால் கூட்டி ஒரு தகரத் தட்டில் அள்ளிக்கொண்டிருந்தார். ஒரு சிட்டிகை கூட விடாமல், கல்லின் இடுக்கிலிருந்து கூட. வீட்டுக்குப் போய் அலசி அரித்தால், பட்டறையில் ராவும்போது சிந்திய பொன் துகள் சேருமாம். எவ்வளவு கிடைக்கும் பாட்டி என்று மகள் கேட்டாள். "ஒரு நாளு கெடைக்கும், ஒரு நாளு மண்ணுதான்த்தா" என்றார் நிமிராமல். போட்டோ எடுக்கட்டுமா என்று நான் கேட்கவில்லை, ஆசிரியரும் நடந்துகொண்டே "அவங்க வேலையப் பாக்கட்டும்" என்றார். இதையெல்லாம் சொல்லித்தரும் ஆட்கள்தான் நமக்கு வேண்டும்.

நான் இந்த அனுபவத்தை எழுத உட்கார்ந்ததே மேலமாசி வீதிக்காகத்தான். அங்கே மதனகோபால சுவாமி கோயில் இருக்கிறது. சுற்றுலாக்காரர்கள் யாரும் நுழைவதில்லை, முதல் நடையில் பேச்சுக்குக்கூட அதன் பெயர் வரவில்லை. நாங்கள் இருப்பது நியூ ஜெர்சியில், ஃபிலடெல்ஃபியா பக்கம். அங்குள்ள கலை அருங்காட்சியகத்தில் ஒரு முழு மண்டபம் இருக்கிறது, யாளியும் தெய்வங்களும் ராமாயண வீரர்களுமாகக் கருங்கல் தூண்கள். மகள் பள்ளியிலிருந்தே அங்கு போயிருக்கிறாள். அந்தத் தூண்கள் போனது இந்தக் கோயிலிலிருந்துதான். 1912இல் மதுரைக்கு வந்த அடெலின் பெப்பர் கிப்சன் என்ற ஃபிலடெல்ஃபியாப் பெண்மணி, கோயில் வளாகத்தில் குவிந்து கிடந்த அறுபது வாக்கிலான சிற்பக் கற்களை விலைக்கு வாங்கிக் கப்பலில் ஏற்றிக்கொண்டு போனார். அவர் இறந்த பிறகு, 1919இல், குடும்பத்தார் அவற்றை அருங்காட்சியகத்துக்குக் கொடுத்தார்கள். 16ஆம் நூற்றாண்டு வேலை என்கிறார்கள்.

ஆசிரியர் இதைச் சொல்லிக்கொண்டிருக்கும்போதே மகளுக்குப் புரிந்துவிட்டது. "அப்பா, அது நம்ம ஊர் மண்டபம்தானே?" என்றாள் தமிழில். நம்ம ஊர் என்று அவள் எந்த ஊரைச் சொன்னாள் என்று நான் கேட்கவில்லை. அர்ச்சகர் தீபாராதனை முடித்துவிட்டு வந்து, அமெரிக்காவில் அதை எப்படி வைத்திருக்கிறார்கள், விளக்கு ஏற்றுகிறார்களா, தண்ணீர் படாமல் பார்த்துக்கொள்கிறார்களா என்று ஒவ்வொன்றாக விசாரித்தார். மகள்தான் பதில் சொன்னாள், கண்ணாடிக்குள் இல்லை, உள்ளே நடந்தே போகலாம், வெளிச்சம் மங்கலாக இருக்கும் என்று. இந்த ஒரு அரை மணி நேரத்துக்காகவே நான் இன்னும் ஐந்து மடங்கு பணம் கொடுத்திருப்பேன். வாங்கியது சட்டப்படிதானா, திரும்பி வர வேண்டுமா என்பதெல்லாம் பெரிய பேச்சு. ஆனால் அமெரிக்காவிலிருந்து வரும் ஒரு தமிழ்க் குடும்பத்தை இந்த வாசலுக்குக் கூட்டி வராமல் மதுரையைச் சுற்றிக் காட்டினேன் என்று ஒருவர் சொல்லக் கூடாது.

அதே மேலமாசி வீதியில், 251ஆம் எண் வீட்டில்தான் 1921 செப்டம்பர் 22 அன்று காந்தி மேல்சட்டையை விட்டு அரை வேட்டிக்கு மாறினார். இப்போது கீழே கதர்க் கடை. நாங்கள் எட்டரைக்குப் போனபோது திறக்கவில்லை, மறுநாள் தனியாகப் போய்ப் பார்த்தோம். ஆறரைக்குத் தொடங்கும் நடையில் இருக்கும் ஒரே சிக்கல் இதுதான். கடைகள் சம்பந்தப்பட்டதைச் சாயங்காலத்துக்கு வைத்துக்கொள்வது நல்லது.

குறிப்பாக, மீனாட்சியம்மன் கோயிலுக்கு எதிரே உள்ள புதுமண்டபத்துத் தையல்காரர்களை. சிற்பத் தூண்களுக்கு நடுவே தையல் மிஷின் ஓடிய புதுமண்டபத்தை நினைத்துக்கொண்டு வருபவர்களுக்குச் சொல்கிறேன், கடைகளை அங்கிருந்து மாற்றிவிட்டார்கள், அவர்கள் இப்போது கோயில் பக்கத்திலேயே குன்னத்தூர் சத்திரத்தில் இருக்கிறார்கள். சித்திரைத் திருவிழாவுக்குக் கள்ளழகர் வேடம் போடுபவர்களுக்கான சல்லடமும் (அரைக்கால்சட்டை) உருமாலும் (தலைப்பாகை) இன்றும் அங்கேதான் தைக்கிறார்கள். "வாங்கண்ணே, பாப்பாவுக்கு அளவு எடுத்துருவமா" என்று ஒருவர் இன்ச் டேப்போடு எழுந்துவிட்டார். கடைகள் மாறியது மண்டபத்துக்கு நல்லது, கல் மூச்சு விடட்டும். ஆனால் வியாபாரம் முன்னைப்போல் இல்லை என்று அவர்கள் சொல்வதும் உண்மைதான், தேடிப் போகிறவர்கள்தான் போகிறார்கள். நடை ஏற்பாடு செய்பவர்கள் கம்பளக் கடைக்குப் பதில் இங்கே அரை மணி நேரம் நிறுத்தினால் யாரும் கோபித்துக்கொள்ள மாட்டார்கள்.

இனி உபயோகமான விஷயங்கள். மீனாட்சியம்மன் கோயிலுக்குள் போவதைத் தெரு நடையோடு கலக்காதீர்கள். அங்கே 2018இல் நடந்த தீ விபத்துக்குப் பிறகு செல்போனை உள்ளே விடுவதில்லை, வாசலில் கொடுத்துவிட்டுப் போக வேண்டும், திரும்ப வாங்கவும் வரிசை, அதிலேயே காலைப் பொழுது போய்விடும். சித்திரை வீதிகளில் வண்டிகளை விடாததால் வயதானவர்களும் நிம்மதியாக நடக்கலாம், ஆனால் பதினோரு மணிக்கு மேல் அந்தக் கல் தரையில் வெறுங்காலோடு நிற்க முடியாது. வெளியூரிலிருந்து வருபவர்கள் ஊருக்கு வெளியே உள்ள சமணர் மலைகளையும் பார்க்க நினைத்தால், எழுத்தாளர் அ. முத்துகிருஷ்ணன் முன்னின்று நடத்தும் பசுமை நடை இருக்கிறது, அதில் முழுக்கத் தமிழில்தான் பேசுவார்கள், குடும்பம் குடும்பமாக உள்ளூர்க்காரர்கள் வருவார்கள்.

காசு விஷயம் கொஞ்சம் சங்கடம். ஆசிரியர் எவ்வளவு என்று சொல்லவே இல்லை, "உங்க இஷ்டம் தம்பி, சின்னப் புள்ள ஆர்வமாக் கேட்டுச்சு, அதுபோதும்" என்றார். ஐயா, அப்படிச் சொல்லாதீர்கள், உங்கள் நேரத்துக்கும் படிப்புக்கும் விலை உண்டு என்று வற்புறுத்தி, முதல் நிறுவனத்துக்கு நாங்கள் நால்வரும் கட்டியதைவிடக் கொஞ்சம் கூடுதலாகவே கவரில் வைத்துக் கொடுத்தோம். இந்த மாதிரி ஆட்கள் பழைய ஊருக்குள் நிறையப் பேர் இருக்கிறார்கள், ஓய்வுபெற்ற ஆசிரியர்கள், கோயில் வேலை பார்த்தவர்கள், பரம்பரையாகக் கடை வைத்திருப்பவர்கள். உங்கள் சொந்தக்காரர்களிடம் விசாரித்தால் இரண்டு நாளில் ஒருவர் கிடைப்பார். கிளம்புவதற்கு முன்பே போனில் பேசி, நாலைந்து பேருக்கு மேல் சேர்க்காமல், தொகையையும் பேசி முடித்துக்கொள்ளுங்கள், அவருக்கும் மரியாதை, நமக்கும் தெளிவு.

மாநகராட்சிக்கு ஒரே ஒரு வேண்டுகோள். மாசி வீதிகளைச் சுற்றி மூன்று மணி நேரம் நடக்கிற பெண்களுக்குச் சுத்தமான கழிப்பறை என்று சொல்ல ஓரிடம்கூட எங்கள் வழியில் இல்லை. என் மனைவிக்கு ஒரு ஹோட்டலில் டிபன் சாப்பிடும் சாக்கில்தான் வழி கிடைத்தது. அதுவரைக்கும் அம்மா, அத்தை, பெரியம்மாக்களைக் கூட்டிப்போகிறவர்கள் ஞாயிற்றுக்கிழமை காலையைத் தேர்ந்தெடுங்கள், சரக்கு வண்டிகள் குறைவு, டிபன் கடைகள் ஏழுக்கே திறந்திருக்கும், பாதி வழியில் உட்கார்ந்து எழுந்து போகலாம்.