பஸ்டர் கீட்டனின் பகைவீட்டுக் காதல்: எதை முதலில் பார்ப்பது?

'நெய்பர்ஸ்' (1920), 'அவர் ஹாஸ்பிடாலிட்டி' (1923): அமெரிக்க நகைச்சுவை நடிகர் கீட்டன் நாயகனாக நடித்த இந்த இரண்டு மௌனப் படங்களிலும் காதலி எதிரி வீட்டுப் பெண்தான்.

நேரம்: முன்னது சுமார் 18 நிமிடம், பின்னது ஒரு மணி நேரத்துக்கு மேல்.

பகை: முன்னதில் நடுவே ஒரு மரவேலி, இரண்டு அப்பாக்கள். (நாயகனின் அப்பாவாக நடித்தவர், கீட்டனின் சொந்த அப்பா ஜோ.) பின்னதில் தலைமுறைப் பகை, துப்பாக்கி. ஆனால் விருந்தாளியை வீட்டுக்குள் சுடக்கூடாதாம்! அதனால் எதிரி வீட்டுக்கு விருந்தாளியாக வந்த நாயகன் வாசலைத் தாண்டி வெளியே போக மறுக்கிறான். எத்தனை முறை பார்த்தாலும் அலுக்காத கட்டம் இது.

சாகசம்: முன்னதில் துணிக்கொடி, தோள்மேல் தோளாக மூவர், பின்னதில் அருவி விளிம்பு.

சட்டென்று சிரிக்க 'நெய்பர்ஸ்' போதும், கறுப்பினத்தவர் பற்றிய சில கேலிகள் உறுத்தினாலும். காதலில் தோய வேண்டுமா? சரி, ஒரு மாலையை ஒதுக்கி மற்றதைப் பாருங்கள்.